மேடை நிர்வாகம் முதன்முறையாக என் பொறுப்பில்: எங்கிருந்து தொடங்குவது?

கேட்டவர்: காவிரிக்கரை

அனைவருக்கும் வணக்கம். திருச்சியில் இயங்கும் ஓர் அமெச்சூர் நாடகக் குழுவில் 3 ஆண்டுகளாக இருக்கிறேன். சிறு வேடங்களில் நடித்ததும், ஒப்பனை அறையில் உதவியதும், டிக்கெட் மேசையில் உட்கார்ந்ததும்தான் இதுவரை என் அனுபவம். இம்முறை ஒத்திகையின் முதல் நாளே எங்கள் இயக்குநர் என்னை அழைத்து, "மேடையை இனி நீங்கள் பார்த்துக்கொள்ளுங்கள் அம்மா" என்று சொல்லிவிட்டார். மகிழ்ச்சியோடு தலையாட்டி வீடு திரும்பிய பிறகுதான், மேடையைப் பார்த்துக்கொள்வது என்றால் என்னென்ன செய்ய வேண்டும் என்பதே எனக்குத் தெரியாது என்று உறைத்தது. குழுவில் விசாரித்தால் ஆளுக்கொன்று சொல்கிறார்கள். ஒருவருக்கு அது சாமான்களை எடுத்து வைக்கும் வேலை. இன்னொருவருக்கு வசனம் மறந்தவருக்கு எடுத்துக்கொடுக்கும் வேலை. மூத்த நடிகர் ஒருவருக்கோ வேளாவேளைக்குக் காப்பி வரவழைக்கும் வேலை.

நாடகம் ஒரு குடும்பக் கதை. 11 நடிகர்கள், 9 காட்சிகள், இடைவேளை நீங்கலாக ஏறத்தாழ 2 மணி நேரம். பெரும்பாலும் ஒரே வீட்டின் கூடத்தில் நடக்கும். இரண்டு காட்சிகள் மட்டும் ரயில் நிலைய நடைமேடையில். ஒத்திகைக்கு 7 வாரங்கள் இருக்கின்றன. முதல் மேடையேற்றம் திருச்சியில், அதற்கு இரண்டு வாரம் கழித்துச் சென்னையில் ஒரு சபாவில். சென்னை அரங்கம் பகல் 12 மணிக்குத்தான் எங்கள் கைக்கு வரும். மாலை 7 மணிக்கு நாடகம்.

ஒத்திகை நாள்களில் நான் எதைக் குறித்துக்கொள்ள வேண்டும், மேடையேற்றத்தன்று எங்கே நின்று எதைச் செய்ய வேண்டும், என்னைவிட இருபது முப்பது வயது மூத்த நடிகர்களிடம் "நேரமாகிவிட்டது, வாருங்கள்" என்று எப்படிச் சொல்வது என்பவையே என் குழப்பங்கள். இதை முறையாகக் கற்க வழி உண்டா என்றும் அறிய விரும்புகிறேன். அனுபவமுள்ளவர்கள் வழிகாட்டினால் நன்றியுடையவளாக இருப்பேன்.

மறுமொழி: மூன்றாம் மணி

அம்மா, நான் அலுவலக வேலை பார்த்துக்கொண்டே 28 ஆண்டுகள் சென்னைச் சபா நாடகங்களில் பக்கத்தட்டிக்கு (மேடையின் ஓரத்தை மறைக்கும் தட்டி) பின்னால் நின்றவன். உங்கள் இயக்குநர் சொன்ன அந்த ஒற்றை வாக்கியத்தைத்தான் எனக்கும் ஒருவர் சொன்னார். நானும் விளங்காமலேயே தலையாட்டினேன். ஆகவே கொஞ்சம் நீட்டி எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

ஒத்திகை முடியும்வரை நாடகம் இயக்குநருடையது. மேடையேற்றத்தன்று திரை விலகியதும் அவர் பார்வையாளர்களோடு போய் உட்கார்ந்துவிடுவார், உட்கார வேண்டும். அதன் பிறகு அவர் தீர்மானித்ததை அவர் தீர்மானித்தபடியே நடத்திக் காட்டுவது உங்கள் வேலை. சாமான் எடுத்து வைப்பதும் காப்பி வரவழைப்பதும் அதற்குள் அடங்கும், மறுக்கவில்லை. ஆனால் அவற்றை வேறொருவரிடம் ஒப்படைத்துவிடலாம். ஒப்படைக்க முடியாதது ஒன்றுதான்: எந்த நொடியில் எது நடக்க வேண்டும் என்ற கணக்கு. அது உங்களிடம் எழுத்தில் இருக்க வேண்டும்.

எனவே முதலில் பிரதியைத் தயார் செய்யுங்கள். தாளின் ஒரு பக்கத்தில் மட்டும் வசனத்தை அச்சிட்டு வளையக் கோப்பில் போட்டால், கோப்பைத் திறக்கும்போது வலப்பக்கம் வசனமும் இடப்பக்கம் வெற்றுத்தாளும் இருக்கும். நடிகர் எங்கிருந்து எங்கே நகர்கிறார், எந்தச் சொல்லில் எழுகிறார், எதைக் கையில் எடுக்கிறார் என்பதையெல்லாம் அந்த வெற்றுத்தாளில், வசன வரிக்கு நேராக, பென்சிலால் எழுதுங்கள். பேனா கூடாது, நான்காவது வாரம்வரை இயக்குநர் மாற்றிக்கொண்டேதான் இருப்பார். பாத்திரப் பெயரின் முதலெழுத்தை வட்டத்துக்குள் போட்டு அம்புக்குறி இட்டால் போதும், கதை எழுத வேண்டாம். இடம், வலம் என்று குறிப்பது எப்போதும் பார்வையாளரை நோக்கி நிற்கும் நடிகரின் இடமும் வலமுமே. இதை முதல் நாளே குழு முழுவதற்கும் சொல்லிவிடுங்கள். இல்லையென்றால் பாதிச் சண்டை இதில்தான் வரும்.

இந்தப் பிரதி சரியாக அமைந்திருக்கிறதா என்று பார்க்க எனக்குத் தெரிந்த சோதனை ஒன்று உண்டு. நாடகத்தன்று காலை உங்களுக்குக் காய்ச்சல் வந்து படுத்துவிட்டால், ஒத்திகையையே பார்த்திராத ஒருவர் அந்தக் கோப்பை வைத்துக்கொண்டு மாலையில் நாடகத்தை நடத்த முடிய வேண்டும்.

எழுதி வைப்பதை நான் இவ்வளவு வற்புறுத்தக் காரணம் இருக்கிறது. சிறுவர்களையே நடிகர்களாகக் கொண்ட பழைய பாய்ஸ் கம்பெனி நாடகக் குழுக்களில் பிள்ளைகள் ஒரே கூரையின் கீழ் உண்டு உறங்கி, வாத்தியாரின் கண்பார்வையிலேயே வளர்ந்தார்கள். நாடகம் அவர்கள் உடம்பிலேயே ஊறியிருந்தது. பிற்காலத்தில் நீதிபதியாகவும் இருந்த பம்மல் சம்பந்த முதலியார் 1891இல் சென்னையில் சுகுண விலாச சபாவைத் தொடங்கியபோது, பகலில் வேறு தொழில் பார்ப்பவர்கள் மாலையில் நாடகம் போடுவது என்ற வேறொரு வழி திறந்தது. நீங்களும் நானும் அந்த வழியில் வந்தவர்கள். வாரத்தில் மூன்று மாலை கூடுகிறோம், அதிலும் இரண்டு பேர் வருவதில்லை. நம் நினைவை நம்பி நாடகம் நடத்த முடியாது.

அடுத்தது பொருள் மேசை. மேடையின் இரு பக்கமும் ஒவ்வொரு மேசை போட்டு, அதன்மேல் பழுப்புத்தாளை ஒட்டி, ஒவ்வொரு பொருளையும் அதன் இடத்தில் வைத்து, சுற்றிலும் கோடு வரைந்து, உள்ளே பெயர் எழுதுங்கள். செம்பு, மூக்குக்கண்ணாடி, கடிதம், சாவிக்கொத்து. நாடகம் தொடங்கும் முன் மேசையை ஒரு முறை பார்த்தாலே எந்தக் கட்டம் காலியாக இருக்கிறது என்பது கண்ணில் படும். இடப்பக்கத்திலிருந்து மேடைக்குப் போன செம்பு வலப்பக்கமாக வெளியே வருகிறது, அடுத்த காட்சியில் மறுபடி இடப்பக்கத்திலிருந்து போக வேண்டும் என்றால், இடையில் அதைச் சுற்றிக் கொண்டுவருபவர் யார் என்பதும் பிரதியில் இருக்க வேண்டும்.

கடிதத்தைக் குறிப்பிட்டதற்குக் காரணம் சொல்கிறேன். எங்கள் நாடகம் ஒன்றில் நான்காம் காட்சியில் தந்தை ஒரு கடிதத்தைப் பிரித்துப் படித்து நொறுங்கிப்போக வேண்டும். முந்தைய மேடையேற்றம் முடிந்ததும் அந்த நடிகர் கடிதத்தைச் சட்டைப்பையிலேயே வைத்துக்கொண்டு வீட்டுக்குப் போயிருந்தார். நானும் அதைக் கவனிக்கவில்லை. அன்று மேடையில் பைக்குள் கைவிட்டபோது அவருக்குக் கிடைத்தது மின்கட்டண ரசீது. அதையே பிரித்துப் படித்து அழுதார். முதல் வரிசையில் இருந்தவர்களுக்கு ரசீது என்பது நன்றாகவே தெரிந்தது. அன்றிலிருந்து நாடகம் முடிந்த பிறகு பொருள்களைச் சேகரிக்கும் பழக்கத்தை விட்டுவிட்டேன். நடிகர் தட்டியைத் தாண்டி உள்ளே வரும்போதே அங்கே ஒருவர் கையை நீட்டிக்கொண்டு நிற்பார்.

வசனம் எடுத்துக்கொடுப்பதைப் பற்றி: பிராம்ப்டரும் மேடை நிர்வாகியும் ஒரே ஆளாக இருக்கக் கூடாது என்பது என் உறுதியான கருத்து. பிராம்ப்டரின் கண் வசன வரியை விட்டு நகரக் கூடாது. உங்கள் கண் ஓரிடத்தில் நிலைக்கவே கூடாது.

மணியைப் பொறுத்தவரை எங்கள் குழுவில் முதல் மணி தொடக்கத்துக்கு 15 நிமிடம் முன்பு, இரண்டாவது 5 நிமிடம் முன்பு, மூன்றாவது மணியோடு திரை. முதல் காட்சியில் வரும் நடிகர்கள் அனைவரும் தத்தம் இடத்தில் நிற்பதைக் கண்ணால் பார்க்காமல் மூன்றாம் மணியை நான் அடித்ததில்லை. "வந்துவிட்டார்" என்று பிறர் சொல்வதை நம்பி ஒரே ஒரு முறை அடித்தேன். அந்தக் கதை இப்போது வேண்டாம்.

மறுமொழி: ஒற்றைத்திரை

மூன்றாம் மணி ஐயாவின் அனுபவத்துக்கு என் மரியாதை உண்டு. ஆனாலும் மாற்றுக் கருத்து ஒன்றைச் சொல்ல விரும்புகிறேன். நாங்கள் ஐந்து பேர் கொண்ட குழு. பள்ளிக்கூடங்களிலும் தெருமுனைகளிலும் நாடகம் போடுகிறோம். எங்களிடம் மேடை நிர்வாகி என்று தனியாக எவரும் இல்லை. அவரவர் பொருளுக்கு அவரவரே பொறுப்பு. இத்தனை பதிவுகளும் மேசைகளும் வந்துவிட்டால் நாடகம் அலுவலகக் கோப்பாகிவிடும், நடிகர்கள் தங்கள் பொறுப்பை மறந்துவிடுவார்கள் என்பது என் அச்சம். தெருக்கூத்தில் கட்டியங்காரன் மேடையிலேயே நின்றுகொண்டு கதையை அறிமுகம் செய்கிறான், வேடம் கட்டியவர் வரத் தாமதமானால் சிரிக்க வைத்து நேரத்தை நகர்த்துகிறான். நிர்வாகத்தையும் ஆட்டத்தையும் நம் மரபு பிரித்துப் பார்த்ததே இல்லை.

மறுமொழி: மங்கொளி

நான் ஒளியமைப்பாளன், புதுச்சேரிப் பல்கலைக்கழகத்தின் நிகழ்கலைத் துறையில் பயின்றவன். ஒற்றைத்திரை நண்பர் கூறுவது அவருடைய வகை நாடகத்துக்கு முற்றிலும் பொருந்தும். கட்டியங்காரனால் நேரத்தை நகர்த்த முடிவதற்குக் காரணம், கூத்தில் பார்வையாளருக்கும் அவனுக்கும் நடுவே திரையோ இருட்டோ இல்லை. கேள்வி கேட்டிருக்கும் சகோதரியின் நாடகத்திலோ மேடை இருண்டு, கூடம் மறைந்து, 30 அல்லது 40 நொடிகளுக்குள் நடைமேடை வந்தாக வேண்டும். அந்த இருட்டில் விளக்கு இயக்குபவரும் ஒலி இயக்குபவரும் செட் நகர்த்தும் நான்கு பேரும் ஒருவரையொருவர் பார்க்க முடியாது. ஒரே குரலைத்தான் கேட்க முடியும். அந்தக் குரல் மேடை நிர்வாகியுடையது.

ஐயா விரித்துச் சொல்லாமல் விட்ட பகுதி இதுதான் என்பதால் இதைப் பற்றி மட்டும் எழுதுகிறேன். விளக்கு மாறும் ஒவ்வோர் இடத்துக்கும் ஓர் எண்ணும், ஒலி வரும் ஒவ்வோர் இடத்துக்கும் ஓர் எழுத்தும் கொடுங்கள். ஒளி 14, ஒலி இ என்று அழைத்தால் யாருக்கான க்யூ, அதாவது மாற்றத்துக்கான சைகை, என்பதில் குழப்பம் வராது. இடையில் இயக்குநர் புதிதாக ஒன்றைச் சேர்த்தால் எல்லா எண்களையும் மாற்றி எழுதாமல் 14.5 என்று நுழைத்துவிடலாம். பிரதியில் க்யூ வரும் சொல்லின் மேல் ஒரு கோடு, அதற்கு அரைப் பக்கம் முன்பாக "ஸ்டாண்ட்பை" என்ற குறிப்பு. ஸ்டாண்ட்பை சொன்னதும் இயக்குபவர் "தயார்" என்று பதில் சொல்ல வேண்டும்; பதில் வராவிட்டால் மறுபடி கேளுங்கள். உரிய நொடியில் "ஒளி 14, ஒலி இ, கோ". எண் முன்னால், "கோ" கடைசியில். நீங்கள் சொல்லி, அவர் காதில் விழுந்து, விரல் அழுத்தி, விளக்கு மாறுவதற்குச் சிறு தாமதம் ஆகும். எனவே நடிகர் அந்தச் சொல்லை முடிக்கும்வரை காத்திராமல் அரை மூச்சு முன்னதாகவே சொல்லப் பழக வேண்டும். இது புத்தகத்தில் வராது. ஒத்திகையில் விளக்கே இல்லாதபோதும் வாய்க்குள் சொல்லிச் சொல்லிப் பழகினால்தான் வரும்.

ஹெட்செட்டில் "கோ" என்ற ஒலியை வேறெதற்கும் பயன்படுத்தாதீர்கள். நான் பணியாற்றிய நாடகம் ஒன்றில் கதாநாயகன் பெயர் கோபால். "கோபால் வந்துவிட்டாரா?" என்று நிர்வாகி பதற்றத்தில் கேட்க, முதல் எழுத்திலேயே நான் அழுத்திவிட்டேன். நள்ளிரவுக் காட்சியில் விடிந்துவிட்டது. மறுநாளிலிருந்து அந்த நாடகத்தில் மட்டும் "கோ" என்பதற்குப் பதிலாக "போடு" என்று வைத்துக்கொண்டோம்.

மின்சாரத்தையும் கணக்கில் கொள்ளுங்கள். 1000 வாட் பார் (PAR) வகை மேடை விளக்கு 230 வோல்ட்டில் ஏறத்தாழ 4.3 ஆம்பியர் இழுக்கும். 15 ஆம்பியர் பிளக் ஒன்றில் மூன்று விளக்குகள் போடலாம். நான்காவதைச் சேர்த்தால் 17 ஆம்பியரைத் தாண்டிவிடும், ஃபியூஸ் போகும், அதுவும் உணர்ச்சிகரமான கட்டத்தில்தான் போகும். நீங்கள் எலக்ட்ரீஷியனாக வேண்டியதில்லை. ஆனால் எத்தனை விளக்கு, எத்தனை பிளக் என்று அரங்கத்துக்காரரிடம் ஒரு வாரம் முன்பே கேட்டு எழுதி வாங்குவது உங்கள் வேலை.

ஒத்திகைக் கூடத்தின் தரையில், மேடையின் உண்மையான அளவில், சுவரும் கதவும் எங்கே வருமென்று வண்ண டேப்பால் ஒட்டிவிடுங்கள். கூடத்துக்கு ஒரு நிறம், நடைமேடைக்கு வேறு நிறம். மேடையின் நடுக்கோட்டிலிருந்து அளந்தால், அரங்கம் மாறினாலும் அளவு மாறாது. திருச்சி மேடையும் சென்னை மேடையும் ஒரே அகலத்தில் இருக்காது. சிறியது எதுவோ அதற்கு ஏற்றபடி ஒத்திகை பாருங்கள். மேடை அளவு என்பது நம்மவர்களுக்குப் புதிதல்ல. சிலப்பதிகார அரங்கேற்று காதையில் 7 கோல் அகலம், 8 கோல் நீளம், 1 கோல் உயரம் என்று அரங்கத்தின் அளவும், உள்ளே வர ஒன்று, வெளியே போக ஒன்று என இரண்டு வாயில்களும், தூணின் நிழல் ஆடுமிடத்தில் விழாதபடி விளக்கை நிறுத்திய செய்தியும் இருக்கின்றன. அந்த நிழல் தொல்லை எனக்கு இன்றும் தீரவில்லை. இப்போது தூணுக்குப் பதில் தொங்கும் மைக்.

பகல் 12 மணிக்கு அரங்கம் கிடைப்பது குறித்து: சாமான் ஏற்றிய குட்டியானை வண்டி வந்து நின்றதும் எல்லோரும் செட்டைத்தான் இறக்கி நிறுத்தப் பார்ப்பார்கள். விடாதீர்கள். மேலே விளக்குக் கட்ட ஏணி நகர வேண்டும், அதற்குத் தரை காலியாக இருக்க வேண்டும். 2 மணிவரை விளக்கு, அதன்பின் 3.30 வரை செட், 4.30 வரை விளக்கின் முகங்களைத் திருப்புவது, 5.45 வரை க்யூ ஒத்திகை. க்யூ ஒத்திகையில் முழு வசனமும் பேச வேண்டாம்; ஒரு க்யூவுக்கு நான்கு வரி முன்னதாகத் தொடங்கி, அது சரியாக நடந்ததும் அடுத்த க்யூவுக்குத் தாவிவிடுங்கள். மீதி நேரம் மைக் சோதனைக்கும் மேடையைப் பெருக்கவும். இந்த அட்டவணையை அச்சிட்டு ஒப்பனை அறைக் கதவில் ஒட்டுங்கள். அப்படியும் அரை மணி நேரம் தவறும். எதைக் குறைக்கலாம் என்பதை முதல் நாளே இயக்குநரிடம் பேசி வைத்திருங்கள்.

படிப்பைப் பற்றிக் கேட்டிருந்தீர்கள். 1959இல் தொடங்கிய டெல்லி தேசிய நாடகப் பள்ளியிலும் எங்கள் புதுச்சேரித் துறையிலும் நாடகக்கலையை முறையாகப் பயிலலாம். வேலையை விட்டுவிட்டுப் போக முடியாதவர்களுக்கு நான் சொல்வது, வேறொரு குழுவின் மேடையேற்றத்தில் ஒரு மாலை முழுவதும் நிர்வாகிக்குப் பின்னால் வாய் திறக்காமல் நிற்க அனுமதி கேளுங்கள். நாடகத்தைப் பார்க்காமல் அவர் கையை மட்டும் பார்த்துக்கொண்டிருங்கள்.

மறுமொழி: வல்லைவெளி

இலண்டனில் வசிக்கும் ஈழத்தமிழன் நான். இங்கு எமது பிள்ளைகளும் பெரியவர்களும் சேர்ந்து போடும் தமிழ் நாடகங்களுக்குப் பல ஆண்டுகளாக மேடை முகாமையாளராக இருந்து வருகிறேன். இங்குள்ள நாடகப் பள்ளிகள் சிலவற்றில் மேடை முகாமைத்துவத்துக்கென்றே பட்டப்படிப்பு உண்டு. நான் அதைப் படித்தவன் அல்லன், இங்குள்ள அரங்கப் பணியாளர்களைப் பார்த்துப் பழகிக்கொண்டவன்.

மூத்தவர்களிடம் எப்படிச் சொல்வது என்ற கேள்விக்கு மட்டும் பதில் எழுதுகிறேன். ஆங்கில அரங்குகளில் "அரை மணி" என்ற அறிவிப்பு உண்மையில் திரை விலகுவதற்கு 35 நிமிடங்கள் முன்பே கொடுக்கப்படும். முதற் காட்சி நடிகர்கள் தொடக்கத்துக்கு 5 நிமிடம் முன்பே இடத்தில் நிற்க வேண்டும் என்பதால், எல்லா அறிவிப்பும் அந்த நேரத்திலிருந்து பின்னோக்கி எண்ணப்படுகிறது. 7 மணி நாடகம் என்றால் 6.25க்கு அரை மணி, 6.40க்குக் கால் மணி, 6.50க்கு ஐந்து நிமிடம், 6.55க்கு "இடத்துக்கு வாருங்கள்". நான் கற்றுக்கொண்டது, இவற்றை ஒவ்வோர் அறை வாசலிலும் நின்று, சிறியவர் பெரியவர் என்ற வேறுபாடின்றி, அதே சொற்களில், அதே குரலில் சொல்வதும், கேட்டவர் "நன்றி" என்றோ "சரி" என்றோ பதில் சொல்லும்வரை அவ்விடத்தை விட்டு நகராமல் இருப்பதுமாகும். எல்லோருக்கும் ஒரே மாதிரி சொல்லப்படும்போது அது எவருக்கும் அவமதிப்பாகப் படுவதில்லை. ஒருவருக்கு மட்டும் போய் "ஐயா, நேரமாகிவிட்டது" என்றால்தான் அவர் முகம் சுருங்கும்.

வசனப் பிழைகளுக்கும் இதே வழிதான். "தவறாகச் சொன்னீர்கள்" என்று கதைக்க வேண்டாம். சிறு துண்டுத்தாளில் பக்க எண், பிரதியில் உள்ள வரி, அன்று சொல்லப்பட்ட வரி, இவ்வளவையும் எழுதி ஒத்திகை முடிந்ததும் கையில் கொடுத்துவிடுங்கள். நடிப்பு நன்றாக இருந்ததா இல்லையா என்பதைப் பற்றி, அவர்களே கேட்டாலும், ஒரு சொல்லும் சொல்லாதீர்கள். அது இயக்குநரின் பகுதி. நான் ஒருமுறை பாராட்டப் போய், அடுத்த நாள் பாராட்டாததற்குக் காரணம் கேட்கப்பட்டேன்.

மேடையேற்றம் முடிந்த அன்றிரவே அரைப் பக்க அறிக்கை எழுதுவதும் பயனுள்ளது. தொடங்கிய நேரம், முதற்பகுதி எத்தனை நிமிடம், இடைவேளை எத்தனை, பிற்பகுதி எத்தனை, எது தவறியது, எது உடைந்தது. எமது நாடகம் ஒன்று ஐந்து மேடையேற்றங்களில் 6 நிமிடம் நீண்டுவிட்டது. எல்லோரும் மெதுவாகப் பேசுகிறார்கள் என்று இயக்குநர் நினைத்தார். காட்சிவாரியாக எழுதியிருந்த நேரங்களைப் பார்த்தபோது, 6 நிமிடமும் ஒரே காட்சியில், ஒரே நடிகர் சிரிப்புக்காகக் காத்திருந்த இடங்களில் சேர்ந்திருந்தன.

இன்னொன்று, வெளியேறும் கதவுகள். 1903 டிசம்பர் 30 அன்று சிகாகோவின் இரோக்வா அரங்கில் விளக்கின் தீப்பொறி திரையில் பற்றியபோது, தீத்தடுப்புத் திரை பாதியில் சிக்கிக்கொண்டது. வெளியேறும் கதவுகள் பல பூட்டிக் கிடந்தன. 602 பேர் உயிரிழந்தார்கள். இங்குள்ள பெரிய அரங்குகளில் பார்வையாளர் இருக்கும்போதே தீத்தடுப்புத் திரையை ஒருமுறை இறக்கி ஏற்றிக் காட்டுவார்கள். உங்கள் அரங்கில் அப்படியொரு திரை இல்லாதிருக்கலாம். ஆயினும் கதவுகள் உண்டு. பார்வையாளரை உள்ளே விடும் முன் ஒவ்வொரு கதவையும் உங்கள் கையாலேயே தள்ளித் திறந்து பாருங்கள். நாற்காலி அடுக்கி அடைத்து வைத்திருப்பார்கள்.

மறுமொழி: காவிரிக்கரை

உங்கள் அனைவருக்கும் நன்றி. நான்கு வாரங்கள் ஓடிவிட்டன. பழுப்புத்தாள் மேசையை ஒத்திகைக்கே கொண்டுவந்துவிட்டேன். முதல் நாள் எல்லோரும் சிரித்தார்கள். மூன்றாம் நாள் மூத்த நடிகர் ஒருவர் தம்முடைய வெற்றிலைப் பெட்டிக்கும் கட்டம் வரையச் சொன்னார். துண்டுத்தாள் முறையும் நன்றாகவே நடக்கிறது. க்யூக்களை எண்ணியபோது ஒளிக்கு 46, ஒலிக்கு 19 வந்தன. எழுத்து போதாதே என்று கவலைப்பட்டேன். உயிரெழுத்து முடிந்ததும் ககர வரிசையில் தொடர்ந்துவிட்டேன்.

இப்போது மிஞ்சியிருப்பது இரண்டு சந்தேகங்கள். நாடகம் நடக்கும்போது நான் பக்கத்தட்டியில் நிற்பதா, அரங்கின் பின்னால் விளக்கு இயக்கும் இடத்தில் உட்காருவதா? இருட்டில் கூடத்திலிருந்து நடைமேடைக்கு மாறுவதற்கு இன்னும் 70 நொடிகள் ஆகின்றன. இதை எப்படிக் குறைப்பது?

மறுமொழி: மங்கொளி

பின்னால் உட்கார்ந்தால் பார்வையாளர் பார்ப்பதையே நீங்களும் பார்ப்பீர்கள். விளக்கு க்யூக்கள் துல்லியமாக விழும். நான் அதையே விரும்புவேன். தரையில் இருட்டில் ஒளிரும் டேப்பைச் சிறு துண்டுகளாக வெட்டி, பெஞ்சின் நான்கு கால்கள் வரும் இடத்திலும் மேடை விளிம்பிலும் படியிலும் ஒட்டுங்கள். விளக்கு அணைவதற்கு முன் அதன்மேல் போதிய வெளிச்சம் பட்டிருந்தால்தான் ஒளிரும் என்பதையும் மறக்க வேண்டாம்.

மறுமொழி: மூன்றாம் மணி

இடம் பற்றிய விஷயத்தில் மங்கொளி தம்பியோடு உடன்பட மாட்டேன். தேர்ந்த உதவியாளர் ஒருவர் தட்டியில் நிற்கிறார் என்றால் பின்னால் உட்காரலாம். உங்கள் குழுவில் அப்படி ஒருவர் இன்னும் உருவாகவில்லை. நடிகர் ஒருவர் மயங்கி உட்கார்ந்தாலோ, கதவின் தாழ்ப்பாள் சிக்கிக்கொண்டாலோ, அங்கே கை நீட்டும் தூரத்தில் நீங்கள் இருக்க வேண்டும். நடிகர்கள் மேடைக்குப் போகுமுன் கடைசியாகப் பார்ப்பது உங்கள் முகமாக இருக்கட்டும்; அதுவும் பதறாத முகமாக இருக்கட்டும்.

70 நொடிக்கு வருவோம். ஒரு மாலை நடிகர்களை அழைக்காமல் செட் நகர்த்தும் நான்கு பேரை மட்டும் வரச் சொல்லுங்கள். முதலில் வெளிச்சத்தில், மெதுவாக, ஒவ்வொருவரும் எதைத் தூக்குகிறார், எந்த வழியாகப் போகிறார், திரும்பும்போது எதைக் கொண்டுவருகிறார் என்று நடந்து பார்க்கச் செய்யுங்கள். வெறுங்கையோடு யார் நடந்தாலும் அங்கே நேரம் வீணாகிறது என்று பொருள். அவர் கையில் ஏதாவது கொடுங்கள். பிறகு அதையே பத்து முறை, கடைசி நான்கு முறை இருட்டில். எங்கள் நாடகம் ஒன்றில் 90 நொடி எடுத்தது இப்படித்தான் 35 ஆனது. நான்கு பேரும் கறுப்புச் சட்டை, ஓசை எழாத செருப்பு. வெறுங்கால் வேண்டாம், ஆணி இருக்கும்.

தட்டியருகே சிறு மேசையும் நீல செலஃபேன் சுற்றிய விளக்கும் போட்டுக்கொள்ளுங்கள். வெள்ளை விளக்கு என்றால் மேடைக்குக் கசியும். கோப்பு, கைக்கடிகாரம், டார்ச், ஊசி நூல், சேஃப்டி பின், தலைவலி மாத்திரை. பென்சில்கள் மூன்று சீவி வையுங்கள், ஒன்றை மட்டும் நூல் போட்டு மேசைக்காலில் கட்டிவிடுங்கள். மற்ற இரண்டும் காப்பிக் கணக்கு எழுதப் போய்விடும்.

திருச்சி மேடையேற்றத் தேதியைத் தெரிவியுங்கள் அம்மா. முடிந்தால் மதியமே வந்து விளக்குக் கட்டும்போது ஏணியைப் பிடித்துக்கொள்கிறேன்.